குப்பம் எம்.எல்.ஏ.வும் எல்லைத் தமிழர்களும்

ஆந்திர சட்டசபையில் குப்பம் தொகுதியின் பெயருக்கு நேராக 1989-ம் ஆண்டில் எழுதப்பட்ட பெயர் 2024-ம் ஆண்டு தேர்தலிலும் மாறவில்லை. இடையில் எட்டுப் பொதுத்தேர்தல்கள் நடந்தன. ஆட்சிகள் வந்தன, போயின. மாநிலமே இரண்டாகப் பிரிந்தது. சித்தூர் மாவட்டமும் பிரிந்து, திருப்பதி தனி மாவட்டம் ஆயிற்று. குப்பத்து மக்கள் மட்டும் நாரா சந்திரபாபு நாயுடுவையே திரும்பத் திரும்பத் தேர்ந்தெடுத்தார்கள்.

நான்கு தடவை முதல்-மந்திரியாகப் பதவி ஏற்றவர் அவர். டெல்லியில் பிரதமர்களை உருவாக்குவதில் பங்கு கொண்டவர். அவரை ஐதராபாத்தில் இருந்தும் அமராவதியில் இருந்தும் பார்த்து எழுதியவர்கள் ஏராளம். சித்தூரிலும் திருப்பதியிலும் வேலை பார்க்கும் தமிழர்களோ அவரை வேறு ஒரு கோணத்தில் பார்க்க வேண்டியிருக்கிறது. தமிழ் பேசும் வாக்காளர்கள் கணிசமாக உள்ள ஓர் எல்லைத் தொகுதியின் எம்.எல்.ஏ. என்ற முறையில் அவர் எப்படி நடந்து கொண்டார்? அவர் எடுத்த முடிவுகளில் தமிழர்களுக்குக் கிடைத்தது என்ன, கிடைக்காமல் போனது என்ன?

மூன்று மாநிலங்கள் கூடும் இடம்

ஆந்திராவின் தென்மேற்கு மூலையில் குப்பம் இருக்கிறது. ஒரு பக்கம் கர்நாடகத்தின் கோலார் மாவட்டம். மறு பக்கம் தமிழ்நாட்டின் கிருஷ்ணகிரி, திருப்பத்தூர் மாவட்டங்கள். குப்பம், ராமகுப்பம், குடுபள்ளி, சாந்திபுரம் ஆகிய நான்கு மண்டலங்கள் அடங்கிய தொகுதி இது. தெலுங்கு, தமிழ், கன்னடம் மூன்றும் சந்தையில் காதில் விழும். வன்னியகுல சத்திரியர்கள் இங்கே பெரும் எண்ணிக்கையில் உள்ளனர்.

1911-ம் ஆண்டில் சித்தூர் மாவட்டம் அமைக்கப்பட்டபோது, அதன் பெரும் பகுதி பழைய வட ஆற்காட்டில் இருந்து எடுக்கப்பட்டது. மொழிவாரி மாநிலப் பிரிவினையின்போது ம.பொ.சிவஞானம் போன்றோர் நடத்திய வடக்கு எல்லைப் போராட்டம் பலருக்கு நினைவிருக்கும். அதன் பலனாக 1960 ஏப்ரல் 1-ந்தேதி திருத்தணி தமிழ்நாட்டுடன் சேர்ந்தது. சித்தூரும் திருப்பதியும் குப்பமும் ஆந்திராவிலேயே நின்றுவிட்டன. அன்று முதல் இங்குள்ள தமிழர்களின் குறைகளைக் கேட்க வேண்டியவர்கள் ஆந்திர சட்டசபை உறுப்பினர்களே. ஆகவே அந்த உறுப்பினர் யார், எதற்கு அசைவார், எதற்கு அசையமாட்டார் என்பதை அறிந்து வைப்பது இங்கு வாழும் தமிழர்களுக்கு அவசியம் ஆகிறது.

கல்லூரி வாசலில் இருந்து மந்திரி பதவிக்கு

சந்திரபாபு நாயுடு 1950 ஏப்ரல் 20-ந்தேதி, சந்திரகிரியை அடுத்த நாராவாரிபள்ளி என்ற கிராமத்தில் விவசாயக் குடும்பத்தில் பிறந்தார். சந்திரகிரியில் உயர்நிலைப் படிப்பு. திருப்பதி வெங்கடேசுவரா கலைக் கல்லூரியில் பி.ஏ. பிறகு வெங்கடேசுவரா பல்கலைக்கழகத்தில் பொருளாதாரத்தில் எம்.ஏ. மாணவர் சங்க அரசியலில் இருந்து நேரே காங்கிரசுக்குப் போனார்.

1978 தேர்தலில் இந்திரா காங்கிரஸ் சார்பில் சந்திரகிரியில் நின்று வெற்றி பெற்றார். அப்போது அவருக்கு வயது 27. டி.அஞ்சய்யா முதல்-மந்திரியாக இருந்தபோது மந்திரிசபையில் இடம் கிடைத்தது. சினிமாத் துறையும் அவர் பொறுப்பில் வந்தது. அந்த வகையில் ஏற்பட்ட பழக்கம், நடிகர் என்.டி.ராமராவின் குடும்பத்தோடு சம்பந்தத்தில் முடிந்தது. 1981-ல் ராமராவின் மகள் புவனேசுவரியை மணந்தார்.

மறு ஆண்டு, 1982 மார்ச் 29-ந்தேதி மாமனார் தெலுங்கு தேசம் கட்சியைத் தொடங்கினார். மருமகன் காங்கிரசிலேயே இருந்தார். 1983 தேர்தலில் ராமராவ் அலை வீசியது. அதே அலையில் சந்திரகிரியில் மருமகன் தோற்றார். பக்கத்துத் திருப்பதியில் மாமனார் ஜெயித்தார். தோல்விக்குப் பிறகு நாயுடு மாமனார் கட்சியில் சேர்ந்தார்.

1984 ஆகஸ்டில் ராமராவ் ஆட்சி கவர்னரால் கலைக்கப்பட்டது. அப்போது எம்.எல்.ஏ.க்களைச் சிதறாமல் கட்டிக்காத்து, கர்நாடகத்துக்குக் கொண்டு போய்ப் பாதுகாத்த வேலையில் நாயுடுவுக்கு முக்கியப் பங்கு உண்டு. ஒரே மாதத்தில் ராமராவ் மீண்டும் முதல்-மந்திரி ஆனார். கூட்டத்தைக் கவரும் பேச்சு நாயுடுவிடம் கிடையாது. தலைகளை எண்ணும் கணக்கு உண்டு என்பது கட்சிக்குத் தெரிந்தது.

அந்தக் கணக்கே 1989-ல் அவரைக் குப்பத்துக்குக் கொண்டு வந்தது. சொந்த ஊர் அடங்கிய சந்திரகிரியை விட்டுவிட்டு, தெலுங்கு தேசத்துக்குப் பலம் இருந்த குப்பத்தில் நின்றார். அந்தத் தேர்தலில் கட்சி ஆட்சியை இழந்தது. நாயுடு வென்றார்.

மாமனாரை இறக்கிய மருமகன்

1994-ல் ராமராவ் மாபெரும் வெற்றியுடன் திரும்பினார். நாயுடு நிதி, வருவாய்த் துறை மந்திரி ஆனார். ராமராவின் இரண்டாவது மனைவி லட்சுமி பார்வதியின் செல்வாக்கு கட்சிக்குள் பூசலைக் கிளப்பியது. பெரும்பான்மை எம்.எல்.ஏ.க்கள் நாயுடு பக்கம் சாய்ந்தனர். 1995 செப்டம்பர் 1-ந்தேதி நாயுடு முதல்-மந்திரி ஆனார். நான்கே மாதங்களில், 1996 ஜனவரி 18-ந்தேதி ராமராவ் காலமானார். "முதுகில் குத்தினார்" என்ற பழிச்சொல் அன்று முதல் நாயுடுவின் எதிரிகள் வாயில் இருந்து நீங்கவில்லை. கட்சியைக் காப்பாற்றினார் என்பது அவர் ஆதரவாளர்களின் பதில்.

1996-ல் மத்தியில் ஐக்கிய முன்னணி அமைந்தபோது அதன் அமைப்பாளர் நாயுடு. தேவேகவுடா, குஜ்ரால் இருவரும் பிரதமரானதில் அவருக்கும் தி.மு.க., த.மா.கா. தலைவர்களுக்கும் பங்கு உண்டு. பின்னர் வாஜ்பாய் அரசுக்கு வெளியே இருந்து ஆதரவு தந்தார். 2018-ல் தனி அந்தஸ்து கோரிக்கைக்காகப் பா.ஜனதா கூட்டணியில் இருந்து வெளியேறினார். 2024-ல் மீண்டும் அதே கூட்டணிக்கு வந்து ஆட்சியைப் பிடித்தார்.

2003 அக்டோபர் 1-ந்தேதி திருமலை பிரம்மோற்சவத்துக்குப் போகும் வழியில், திருப்பதி அலிபிரியில் நக்சலைட்டுகள் வைத்த கண்ணிவெடியில் காயங்களோடு உயிர் தப்பினார். அனுதாப ஓட்டை நம்பிச் சட்டசபையை முன்கூட்டியே கலைத்தார். 2004 தேர்தலில் தோற்றார். பிறகு பத்து ஆண்டுகள் எதிர்க்கட்சி வரிசை.

2014-ல் பிரிக்கப்பட்ட ஆந்திராவின் முதல் முதல்-மந்திரி ஆனார். 2019-ல் கட்சி 23 இடங்களுக்குச் சுருங்கியது. 2023 செப்டம்பரில், திறன் வளர்ச்சித் திட்டத்தில் முறைகேடு என்ற வழக்கில் கைதாகி, ஐம்பது நாட்களுக்கு மேல் ராஜமுந்திரி சிறையில் இருந்தார். குற்றச்சாட்டை அவர் மறுத்தார். 2024 ஜூன் 12-ந்தேதி நான்காவது தடவையாக முதல்-மந்திரியாகப் பதவி ஏற்றார்.

சோதனைக் களமான குப்பம்

1990-களின் பிற்பகுதியில் 'கம்ப்யூட்டர் முதல்-மந்திரி' என்று அவர் பெயர் வாங்கினார். ஐதராபாத்தில் தகவல் தொழில்நுட்பத் தொழிலை வளர்த்தார். உலக வங்கிக் கடனோடு மின்வாரியத்தைப் பிரித்தார். மின் கட்டணம் உயர்ந்தது. 2000 ஆகஸ்டில் ஐதராபாத் பஷீர்பாக்கில் நடந்த எதிர்ப்பு ஊர்வலத்தில் போலீஸ் துப்பாக்கிச் சூட்டில் உயிர்கள் பலியாயின. 2004-ல் அவர் தோற்றதற்கு அதுவும் வறட்சியும் காரணங்கள் என்று பலர் கருதுகின்றனர். இலவச மின்சாரம் தருவதாகச் சொன்ன ராஜசேகர ரெட்டி ஜெயித்தார்.

அந்தக் காலத்தில் நாயுடுவின் பல புதிய திட்டங்களுக்குக் குப்பமே சோதனைக் களம். இஸ்ரேல் நாட்டு முறையில் சொட்டுநீர்ப் பாசனம் இங்கே காட்டப்பட்டது. 1997-ல் திராவிடப் பல்கலைக்கழகம் இங்கே நிறுவப்பட்டது. தென்மாநிலங்களின் ஒத்துழைப்போடு, தமிழ் உள்பட திராவிட மொழிகளை ஒரே இடத்தில் ஆராய்வது அதன் நோக்கம். 2002-ல் ஹியூலெட் பேக்கார்ட் கம்பெனி கிராமங்களுக்குக் கம்ப்யூட்டர் மையங்களைக் கொண்டு வந்தது. மருத்துவக் கல்லூரியும் வந்தது.

சாதாரண எம்.எல்.ஏ. ஒருவர் தம் தொகுதிக்கு இவற்றைக் கொண்டு வந்திருக்க முடியாது. பெரிய மனிதரைத் தேர்ந்தெடுத்ததால் குப்பத்துக்குக் கிடைத்த லாபம் இது.

தண்ணீரும் ரெயிலும்

ஆனால் குப்பத்து மக்களின் அன்றாடக் கேள்விகள் இரண்டு. தண்ணீர் எங்கே? வேலை எங்கே?

தொகுதியின் விவசாயம் மழையையும் ஆழ்துளைக் கிணறுகளையும் நம்பியது. முதல்-மந்திரியின் தொகுதியிலேயே தண்ணீர்ப் பஞ்சம் என்ற பேச்சு நீண்ட காலம் இருந்தது. ஸ்ரீசைலம் அணையின் பின்புறத்தில் இருந்து கிருஷ்ணா நீரை ஏற்றிக் கொண்டு வரும் ஹந்திரி-நீவா திட்டத்தின் கடைசிக் கிளை குப்பத்தில் முடிகிறது. குப்பம் கிளைக் கால்வாய் வேலை 2014-19 ஆட்சியில் நடந்தும் முடியவில்லை. 2024 பிப்ரவரியில், தேர்தலுக்குச் சற்று முன்பு, அப்போதைய முதல்-மந்திரி ஜெகன்மோகன் ரெட்டி அதைத் திறந்து வைத்தார். அது வெறும் காட்சி என்று தெலுங்கு தேசம் சொன்னது. 2025 ஆகஸ்ட் 30-ந்தேதி, பரமசமுத்திரம் ஏரிக்கு வந்த கிருஷ்ணா நீருக்கு நாயுடு ஆரத்தி எடுத்தார். பெருமை யாருக்கு என்பதைக் கட்சிகள் பேசித் தீர்க்கட்டும். 1989-ல் ஓட்டுப் போட்ட விவசாயி, 36 ஆண்டுகள் காத்திருந்தார் என்பதுதான் இதில் உள்ள செய்தி.

வேலைக்கு வழி என்றால் ரெயில்தான். ஜோலார்பேட்டை-பெங்களூர் பாதையில் குப்பம் இருக்கிறது. பெங்களூர் சுமார் 100 கிலோ மீட்டர். விடியற்காலையில் சாப்பாட்டுத் தூக்கோடு வண்டி ஏறி, கட்டிட வேலைக்கும் கம்பெனி வேலைக்கும் போய் இரவில் திரும்பும் கூட்டம் பல ஆண்டுகளாக அந்த ரெயில் நிலையத்தின் காட்சியாக இருந்து வருகிறது. ஐதராபாத்தில் லட்சக்கணக்கானோருக்கு வேலைக்கு வழி வகுத்தவர் என்று பெயர் பெற்றவரின் தொகுதி மக்கள், பக்கத்து மாநிலத்துக்கு ரெயில் ஏறிப் பிழைத்தார்கள். கருங்கல் குவாரி, மல்பெரி, பால்மாடு ஆகியவை போக உள்ளூரில் பெரிய வேலைவாய்ப்பு வளரவில்லை.

2021-ல் விழுந்த அடி

குப்பம் நாயுடுவின் கோட்டை என்று எல்லோரும் சொல்லிக் கொண்டிருந்தபோது, 2021 நவம்பரில் குப்பம் நகரசபைத் தேர்தல் நடந்தது. மொத்தம் 25 வார்டுகள். ஜெகன் கட்சி 19 வார்டுகளைப் பிடித்தது. தெலுங்கு தேசத்துக்கு ஆறு. அதிகார பலமும் பணபலமும் புகுந்து விளையாடின என்று தெலுங்கு தேசம் புகார் சொன்னது. அது ஒரு பக்கம் இருக்க, அதற்கு முன்பே 2019 சட்டசபைத் தேர்தலில் நாயுடுவின் ஓட்டு வித்தியாசம் சுமார் 47 ஆயிரத்தில் இருந்து 30 ஆயிரமாகக் குறைந்திருந்தது. ஜெகன் கட்சி அங்கே வன்னியகுல சத்திரிய சமூகத்தைச் சேர்ந்த, ஓய்வு பெற்ற ஐ.ஏ.எஸ். அதிகாரி சந்திரமவுலியை நிறுத்தியது காரணங்களில் ஒன்று.

இதன் பிறகு நடந்ததைக் கவனிக்க வேண்டும். நாயுடு குப்பத்துக்கு வருவது அதிகமாயிற்று. மண்டலம் மண்டலமாகக் கூட்டம் நடத்தினார். 2023 ஜனவரியில் மகன் லோகேஷின் பாதயாத்திரை குப்பத்தில் இருந்து தொடங்கியது. "தொகுதியில் ஒரு வீடு கூட இல்லாதவர்" என்று ஜெகன் கேலி செய்து வந்தார். சாந்திபுரம் மண்டலத்தில் நாயுடு வீடு கட்டி, 2025 மே மாதம் கிரகப் பிரவேசம் நடத்தினார். 2024 தேர்தலில் அவரது வித்தியாசம் மீண்டும் 48 ஆயிரத்தைத் தொட்டது. முன்பு சொன்ன கிருஷ்ணா நீரும் இந்தக் கட்டத்தில்தான் வந்து சேர்ந்தது.

ஏழு வெற்றிகள் செய்யாததை ஒரு நகரசபைத் தோல்வி செய்தது எனலாம். கேட்காமலே ஓட்டுப் போடும் வாக்காளரை எந்தத் தலைவரும் அவசரமாகக் கவனிப்பதில்லை. தொகுதி கைநழுவும் என்ற எண்ணம் வந்தபோது தலைவர் வந்தார். தமிழ் பேசும் வாக்காளரும் அதனால் பயன் அடைந்தார்.

ஓட்டு இல்லாத பக்கம்

இதே கணக்கை எல்லையின் மறு பக்கம் இருந்து பார்த்தால் நிலைமை வேறு.

பாலாறு கர்நாடகத்தில் உற்பத்தியாகி அங்கே 93 கிலோ மீட்டரும், ஆந்திராவில் 33 கிலோ மீட்டரும், தமிழ்நாட்டில் 222 கிலோ மீட்டரும் ஓடுகிறது. ஆந்திராவில் ஓடும் அந்தச் சிறு துண்டு குப்பம் வட்டாரத்தில்தான். அங்கே ஆற்றின் குறுக்கே இருபதுக்கும் மேற்பட்ட தடுப்பணைகள் கட்டப்பட்டுள்ளன. 2006-ல் ராஜசேகர ரெட்டி ஆட்சி கணேசபுரத்தில் அணை கட்டத் திட்டமிட்டபோது தமிழக அரசு சுப்ரீம் கோர்ட்டுக்குப் போயிற்று. 1892-ம் ஆண்டு ஒப்பந்தத்தைத் தமிழ்நாடு ஆதாரமாகக் காட்டுகிறது. 2016-ல் நாயுடு ஆட்சியில் வாணியம்பாடியை ஒட்டிய புல்லூர் தடுப்பணை 5 அடியில் இருந்து 12 அடியாக உயர்த்தப்பட்டது. தமிழ்நாடு மீண்டும் வழக்குப் போட்டது. 2024-ல் ஜெகனும் பாலாற்றில் புதிய நீர்த்தேக்கங்களை அறிவித்தார். தமிழ்நாடு கண்டனம் தெரிவித்தது.

ராஜசேகர ரெட்டியும் ஜெகனும் நாயுடுவுக்கு அரசியல் விரோதிகள். பாலாறு விஷயத்தில் மூவரின் கொள்கையும் ஒன்றே. காரணம் எளியது. தடுப்பணையால் கிணறு ஊறும் விவசாயி குப்பத்தில் ஓட்டுப் போடுகிறார். அதில் தமிழரும் உண்டு. ஆறு வறண்டு போகும் வாணியம்பாடி, ஆம்பூர் விவசாயிக்கு ஆந்திராவில் ஓட்டு இல்லை. பாலாற்றில் தமிழனுக்கும் தெலுங்கனுக்கும் சண்டை என்று மேடையில் பேசுவது சுலபம். உண்மையில் அது மேல்மடைக்காரருக்கும் கீழ்மடைக்காரருக்கும் உள்ள பழைய வழக்கு.

கீழ்மடைக்கு ஆந்திரா தண்ணீர் தந்த உதாரணமும் இருக்கிறது. 1983-ல் என்.டி.ராமராவும் எம்.ஜி.ஆரும் செய்த ஒப்பந்தப்படி, சென்னைக் குடிநீருக்காகக் கிருஷ்ணா நீர் முதன்முதலில் தமிழக எல்லைக்கு வந்தது 1996 செப்டம்பரில், நாயுடு முதல்-மந்திரியாக இருந்தபோது. எழுத்தில் ஒப்பந்தம், செலவில் பங்கு, வழியில் உள்ள ராயலசீமை நிலங்களுக்கும் பாசனம் என்று எல்லாத் தரப்புக்கும் லாபம் இருந்ததால் அது நடந்தது. பாலாற்றுக்கு அப்படி ஒரு ஏற்பாட்டை இரு தரப்பும் உருவாக்கவில்லை.

மாங்காய்ச் சந்தையிலும் இதைக் காணலாம். சித்தூர் மாவட்டத்தில் கூழ் தொழிற்சாலைகளுக்குப் போவது தோத்தாபுரி. 2025 பருவத்தில் விலை விழுந்தது. ஆந்திர அரசு கிலோவுக்கு 12 ரூபாய் கிடைக்க ஏற்பாடு செய்தது. தொழிற்சாலை தருவது 8 ரூபாய், அரசு தருவது 4 ரூபாய். அதோடு, வெளிமாநில மாங்காய் சித்தூர் மாவட்டத்துக்குள் வரக் கலெக்டர் தடை போட்டார். கர்நாடக முதல்-மந்திரி சித்தராமையா நாயுடுவுக்குக் கடிதம் எழுதி ஆட்சேபித்தார். சித்தூர் தோப்புக்காரரைக் காப்பாற்றிய முடிவு, சித்தூர் தொழிற்சாலைகளை நம்பியிருந்த எல்லைக்கு அப்பாற்பட்ட விவசாயியைத் தவிக்க விட்டது.

சேஷாசலம்

தண்ணீரையும் மாங்காயையும் விடக் கொடிய உதாரணம் சேஷாசலம் காடு.

செம்மரம் இந்தக் காட்டின் செல்வம். வெளிநாட்டில் அதற்குப் பெரும் விலை. வெட்டுவதற்குத் திருவண்ணாமலை, வேலூர், தர்மபுரி, சேலம் மாவட்டங்களின் ஏழைகளை, குறிப்பாக ஜவ்வாது மலை போன்ற இடங்களின் மக்களை, ஏஜெண்டுகள் முன்பணம் கொடுத்து அழைத்து வருவார்கள். 2013 டிசம்பரில் கடத்தல் கும்பலின் தாக்குதலில் இரண்டு வனத்துறை ஊழியர்கள் உயிர் இழந்தனர். காவல் பலப்படுத்தப்பட்டது. தனி அதிரடிப் படை அமைந்தது.

2015 ஏப்ரல் 7-ந்தேதி சந்திரகிரியை ஒட்டிய காட்டில் தமிழ்நாட்டைச் சேர்ந்த 20 பேர் சுட்டுக் கொல்லப்பட்டனர். நாயுடு பிறந்து, முதன்முதலில் எம்.எல்.ஏ. ஆன வட்டாரம் அது. கற்களாலும் கோடாரிகளாலும் தாக்கியதால் தற்காப்புக்குச் சுட்டதாக ஆந்திர போலீசார் கூறினர். பஸ்சில் வந்தவர்களை முன்பே பிடித்துக் கொண்டு போனார்கள் என்று தப்பி வந்தவர்கள் சாட்சி சொன்னார்கள். தமிழக முதல்-மந்திரியாக இருந்த ஓ.பன்னீர்செல்வம் நாயுடுவுக்குக் கடிதம் எழுதினார். தேசிய மனித உரிமை கமிஷன் சி.பி.ஐ. விசாரணை வேண்டும் என்றும், ஒவ்வொரு குடும்பத்துக்கும் இடைக்கால உதவியாக 5 லட்சம் ரூபாய் தர வேண்டும் என்றும் பரிந்துரைத்தது. ஆந்திர அரசு அதை எதிர்த்து ஐகோர்ட்டுக்குப் போயிற்று. மாநில போலீசாரைக் கொண்டே சிறப்பு விசாரணைக் குழு அமைத்தது.

வனத்தைக் காப்பது அரசின் கடமை. வெட்டுவது குற்றம். இரண்டிலும் சந்தேகம் இல்லை. ஆனால் மரத்தை ஏற்றுமதி செய்து கோடிகளைச் சம்பாதித்தவர் காட்டில் சாகவில்லை. தினக்கூலிக்கு வந்தவர் செத்தார். இறந்தவர்கள் குப்பத்து வாக்காளர்களாக இருந்திருந்தால், அந்த விசாரணை இப்படி நடந்திருக்குமா என்ற கேள்வி எழாமல் இல்லை. குப்பத்தில் தமிழில் ஓட்டுக் கேட்ட அதே கட்சியின் ஆட்சி, நூறு மைலுக்குள் நடந்த இந்தச் சாவுகளுக்குப் பதில் சொல்லும் அவசரத்தைக் காட்டவில்லை.

மாறிய கொள்கைகள்

நாயுடுவின் பொதுக் கொள்கைகளும் ஓட்டுக் கணக்கோடு சேர்ந்தே நகர்ந்துள்ளன. 1990-களில் குடும்பக் கட்டுப்பாட்டை முனைந்து பரப்பியவர் அவர். இரண்டு குழந்தைகளுக்கு மேல் உள்ளவர்கள் உள்ளாட்சித் தேர்தலில் நிற்க முடியாது என்ற 1994-ம் ஆண்டுச் சட்டம் அவர் ஆட்சிக் காலம் முழுவதும் இருந்தது. 2024 நவம்பரில் அவர் ஆட்சியே அதை ரத்து செய்தது. முதியோர் தொகை பெருகுகிறது, தென்மாநிலங்களின் ஜனத்தொகை குறைந்தால் நஷ்டம் என்பது இப்போது அவர் வாதம்.

தொகுதி மறுசீரமைப்பில் தென்மாநிலங்களுக்கு இடம் குறையும் என்ற அதே அச்சத்தைப் பேச, தமிழக முதல்-மந்திரியாக இருந்த மு.க.ஸ்டாலின் 2025 மார்ச் 22-ந்தேதி சென்னையில் கூட்டம் கூட்டினார். மத்தியில் பா.ஜனதாவுடன் கூட்டணியில் இருந்த தெலுங்கு தேசம் அதில் கலந்து கொள்ளவில்லை. இந்தியை எதிர்க்க வேண்டியதில்லை, பல மொழிகள் கற்பது பயன் தரும் என்று அந்த மாதத்திலேயே ஆந்திர சட்டசபையில் நாயுடு பேசினார்.

இலவசங்களிலும் மாற்றம் உண்டு. மின் கட்டணத்தை உயர்த்தி 2004-ல் தோற்றவர், 2014-ல் விவசாயக் கடன் தள்ளுபடியைச் சொல்லி ஜெயித்தார். 2024-ல் மாத ஓய்வூதியத்தை 4 ஆயிரம் ரூபாயாக உயர்த்தினார். 2025 ஆகஸ்ட் 15 முதல் பெண்களுக்கு இலவச பஸ் பயணம் தந்தார். தமிழ்நாட்டின் அம்மா உணவகத்தைப் பார்த்து 2018-ல் அவர் தொடங்கிய 'அண்ணா கேன்டீன்' 5 ரூபாய்க்குச் சாப்பாடு போட்டது. அந்த அண்ணா, என்.டி.ராமராவ். 2019-ல் ஜெகன் ஆட்சியில் மூடப்பட்டு, 2024-ல் மீண்டும் திறக்கப்பட்டது. அதில் சாப்பிட மொழி கேட்பதில்லை. கூலி வேலைக்கு வந்த தமிழரும் அங்கே வரிசையில் நிற்கலாம்.

இவற்றைக் கொண்டு அவரைக் கொள்கை இல்லாதவர் என்று சிலர் சொல்கிறார்கள். காலத்துக்கு ஏற்றபடி மாறுபவர் என்று வேறு சிலர் சொல்கிறார்கள். இரண்டில் எது சரியானாலும், நாற்பத்தைந்து ஆண்டுகளுக்கு மேற்பட்ட அவர் அரசியலில் ஓர் ஒழுங்கு தெரிகிறது. யாரிடம் ஓட்டு இருக்கிறதோ, அந்த ஓட்டு கைவிட்டுப் போகும் என்ற பயம் எப்போது வருகிறதோ, அப்போது அவர் அசைகிறார். இது நாயுடு ஒருவரின் குணம் அல்ல. அவருக்கு எதிரே நின்றவர்களும் இதையே செய்தார்கள்.

தமிழர்கள் செய்ய வேண்டியது

சித்தூர், திருப்பதி வட்டாரத்தில் கடை, ஓட்டல், குவாரி, பாங்கு, ரெயில்வே என்று பல இடங்களில் தமிழர்கள் பணி புரிகிறார்கள். அவர்களில் பலருடைய பெயர் இன்னும் சொந்த ஊர் வாக்காளர் பட்டியலில்தான் இருக்கிறது. தேர்தலுக்கு லீவு கிடைத்தால் ஊருக்குப் போய் ஓட்டுப் போடுவார்கள். கிடைக்காவிட்டால் இரண்டு பக்கமும் ஓட்டு இல்லை. பிள்ளைக்குத் தமிழ் வாத்தியார் இல்லை, தெருவுக்குக் குழாய் இல்லை, ரேஷன் கார்டு மாறவில்லை என்ற குறைகள் மட்டும் இங்கேயே இருக்கின்றன.

ஒருவர் சாதாரணமாக எங்கே குடியிருக்கிறாரோ அங்கே வாக்காளராகப் பதிந்து கொள்ளலாம் என்பது சட்டம். பிறந்த ஊரோ பேசும் மொழியோ தடை அல்ல. புதிதாகச் சேர 6-ம் எண் படிவம். ஓர் ஊரில் இருந்து வேறு ஊருக்குப் பெயரை மாற்ற 8-ம் எண் படிவம். ஒரே ஆள் இரண்டு இடத்தில் பெயர் வைத்திருப்பது குற்றம் என்பதையும் மறக்கக் கூடாது. ஊரில் நிலம், வீடு, உறவு எல்லாம் இருக்கும்போது பெயரை மாற்ற மனம் வராமல் இருக்கலாம். அது அவரவர் முடிவு. இங்கேயே குடும்பத்தோடு ஆண்டுக்கணக்கில் இருப்பவர்களாவது இதை யோசிக்க வேண்டும்.

பதிந்தால் மட்டும் போதாது. 1989 முதல் குப்பம் மாறாமல் ஓட்டுப் போட்டது. கிருஷ்ணா நீர் 2025-ல் வந்தது. அதில் கடைசி நான்கு ஆண்டுகளில் நடந்த வேகம், அதற்கு முந்திய முப்பது ஆண்டுகளில் நடக்கவில்லை. ஓட்டுக் கேட்டு வருகிறவரிடம் தமிழ்ப் பள்ளிக்கு எத்தனை ஆசிரியர் தருவீர்கள், எந்தத் தேதிக்குள் தருவீர்கள் என்று கேட்டு, அடுத்த தேர்தலில் அதைச் சரிபார்க்கும் வாக்காளருக்குத்தான் எந்தக் கட்சி எம்.எல்.ஏ.வும் பதில் சொல்வார்.